இரண்டு தட்டினால் நிறுத்து

எழுபத்தெட்டு சதவீதத்தில் வட்டம் நின்றுவிட்டது.

சிவராஜ் மொட்டைமாடியில், தண்ணீர்த் தொட்டியில் ஒரு கையை ஊன்றி, இன்னொரு கையால் செல்போனை வானத்துக்குக் காட்டிக்கொண்டு நின்றான். ஓசூர் எல்லையோரம் மூக்கண்டப்பள்ளியில் அவன் வீட்டுக்குள் எல்லாமே வரும். கொசு வரும், பக்கத்துத் தொழிற்சாலையின் பெயிண்ட் வாசனை வரும், சொல்லாமல் கொள்ளாமல் சொந்தக்காரர்கள் வருவார்கள். சிக்னல் மட்டும் வராது. மாடியில் வரும், ஆனால் பாதி நேரம் போன் தன்னைக் கர்நாடகாவில் இருப்பதாக நினைத்துக்கொள்ளும்.

"எண்பத்தி ரெண்டு!" என்று கீழே பார்த்துக் கத்தினான்.

"ஒம்போது!" என்று அவன் மனைவி மேகலா மேலே பார்த்துக் கத்தினாள்.

அவன் சொன்னது போனில் இறங்கும் வீடியோ. அவள் சொன்னது மூச்சு. கீழே கட்டிலில் கிடந்த அவன் அப்பா நாராயணப்பன் காலையில் நிமிடத்துக்குப் பதினாறு முறை மூச்சு விட்டுக்கொண்டிருந்தார். எண்ணச் சொன்னது சிவராஜ்தான். முப்பது வருடம் தொழிற்சாலையில் தகடு அடிக்கும் பவர் பிரஸ் ஓட்டியவனுக்கு எதைப் பார்த்தாலும் நிமிடத்துக்கு எத்தனை என்றுதான் புத்தி போகும்.

"ஏங்க, அக்கா மண்ணக் கரைச்சிட்டாங்க. வாயில ஊத்தப் போறாங்களாம்."

"ரெண்டு நிமிஷம் இருக்கச் சொல்லு!"

பெங்களூரில் பழைய படங்களைச் சேகரித்து வைக்கும் ஓர் அலுவலகத்தில் ரஞ்சிதா என்ற பெண் வேலை பார்த்தாள். யாரோ ஒரு பழைய வீட்டை இடித்தபோது பரணில் தகரப்பெட்டி ஒன்று கிடைத்திருக்கிறது. உள்ளே பேசாத படக் காலத்துச் சுருள். பெரும்பகுதி பிசின் மாதிரி ஒட்டிப்போய், மீண்டது ஒன்றரை நிமிடம். படத்தின் பெயர் இல்லை, நடித்தவர்கள் பெயரும் இல்லை. ஆனால் அதே அலுவலகத்தின் கோப்பு ஒன்றில், ஒரே கையெழுத்தில் ஒரு கட்டு அஞ்சலட்டைகள் இருந்தன. 'ஐயா, என் தகப்பனார் திம்மராயன் 1928 வாக்கில் பெங்களூரில் ஊமைப்படங்களில் நடித்துள்ளார். ஏதேனும் கிடைத்தால் தெரிவிக்கவும். இப்படிக்கு, நாராயணப்பன், ஓசூர்.' முப்பது வருடத்து அட்டைகள். கடைசி அட்டையில் மகனின் செல் நம்பர்.

"நாளைக்குக் காலைல ஸ்க்ரீனிங் சார்," என்றாள் அவள் காலையில் போனில். "இன்னைக்கு மத்தியானத்துக்குள்ள பேர் கன்ஃபர்ம் பண்ணா போட்டுடலாம். இல்லன்னா அடையாளம் தெரியாத நடிகர்கள்னு தான் போவும். எங்களுக்குத் தெரிஞ்சு அவர நேர்ல பார்த்தவங்க உங்கப்பா ஒருத்தர் தான் உயிரோட இருக்காங்க."

"அதுவும் மத்தியானம் வரைக்கும் தாம்மா," என்று சொன்ன சிவராஜ், சொன்னதோடு நிற்காமல் சிரித்தும் தொலைத்தான். வேண்டாத நேரத்தில் நகைச்சுவை வருவது அவனுக்கு விக்கல் மாதிரி. தண்ணீர் குடித்தால் நிற்கிற விக்கலும் இல்லை அது.

தொண்ணூற்று ஒன்று.

திம்மராயன் தாத்தாவை சிவராஜ் பார்த்ததில்லை. ஒரு போட்டோகூட வீட்டில் கிடையாது. கேட்டதெல்லாம் அப்பா சொன்னதுதான். தாத்தா நாட்றாம்பாளையத்திலிருந்து காட்டு வழியாக நடந்தே போய் பெங்களூரில் சினிமாவில் சேர்ந்தார். ஐந்து படங்களில் கத்திச்சண்டை போட்டார். பேசும் படம் வந்ததும் கம்பெனிக்காரன் மைக் முன்னால் நிறுத்தினான். தாத்தா தமிழில் ஆரம்பித்து, தெலுங்கில் திரும்பி, கன்னடத்தில் போய் முடித்தார். ஊரில் எல்லாரும் அப்படித்தான் பேசுகிறார்கள் என்பதை அந்த ஆள் நம்பவில்லை. மறுநாளே தாத்தா கேழ்வரகுக் காட்டுக்குத் திரும்பிவிட்டார். அப்பாவுக்குப் பதினோரு வயதாகும்போது இறந்தும் போனார்.

இதை சிவராஜ் தொழிற்சாலை கேன்டீனில் இருபது வருடமாகச் சொல்லி வந்தான். சொல்லச் சொல்லத் தாத்தா வளர்ந்தார். முதலில் நான்கு பேரை வெட்டினார், பிறகு நாற்பது பேரை. ஒரு தீபாவளி போனஸ் சமயத்தில் குதிரையும் வாங்கினார். பக்கத்து மெஷின் மணிகண்டன் அவனுக்கு வைத்த பெயர் 'மன்னா'. கேலிதான். ஆனாலும் கூப்பிடும்போது கேட்க நன்றாகத்தான் இருந்தது.

நூறு.

படியில் இரண்டிரண்டாகத் தாவி இறங்கினான்.

அறைக்குள் அக்கா வீரலட்சுமி வெள்ளி டம்ளரோடு தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். பாரூரிலிருந்து விடிகாலையிலேயே வந்துவிட்டாள். உயிர் போகாமல் இழுத்துக்கொண்டிருந்தால் அது ஏதோ ஆசையில் மாட்டியிருக்கிறது என்று அர்த்தம். சொந்த ஊர் மண்ணைக் கரைத்து ஒரு சொட்டு விட்டால் மண்ணாசை தீர்ந்து போய்விடும். மண்ணைக் காகிதத்தில் மடித்து அஞ்செட்டி பஸ்ஸில் கொண்டுவந்தது அப்பாவின் பங்காளி மாரிசாமி. எண்பத்திரண்டு வயது. பிளாஸ்டிக் நாற்காலியில், முழங்காலுக்கு நடுவில் கைத்தடியை நிறுத்தி உட்கார்ந்திருந்தார்.

"தள்ளுக்கா. ஒரே நிமிஷம்."

"சாவற மனுசனுக்கு சினிமா காட்டப் போறியாடா? ஊரு சிரிக்கும்."

"மண்ணாசைக்கு நீ மருந்து வெச்சிருக்க. சினிமா ஆசைக்கு நான் வெச்சிருக்கேன். எது வேலை செய்யுதுன்னு பாப்போம்."

"இதுலயும் உனக்குக் கிண்டல்."

அப்பாவுக்குக் கண் திறந்திருந்தது. கழுத்துப் பள்ளத்தில் ஓர் ஓட்டை, அதன்மேல் வெள்ளைத் துணி. இரண்டு வருடத்துக்கு முன் புற்று வந்து குரல்வளையை எடுத்தபோது போட்ட ஓட்டை. அதன் வழியாகத்தான் மூச்சு. துணி மேலே எழும்பினால் ஒன்று. மேகலா அதைப் பார்த்துத்தான் எண்ணிக்கொண்டிருந்தாள்.

குரல் போனதும் சொந்தக்காரர்கள் அழுதார்கள். வீட்டுக்குள் பெரிதாக ஒன்றும் மாறவில்லை. அப்பாவும் மகனும் பத்து வருடம் ஒரே பிரஸ் ஷாப்பில் வேலை பார்த்தவர்கள். அங்கே நூறு டன் மெஷின் அடிக்கும்போது பக்கத்தில் நின்று கத்தினாலும் காதில் விழாது. அதனால் எல்லாரும் வாயை மட்டும் அசைப்பார்கள், எதிரில் இருப்பவன் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வான். கடன் கேட்பது, திட்டுவது, சூப்பர்வைசர் வருகிறான் என்று எச்சரிப்பது எல்லாம் உதட்டில்தான். முதுகு காட்டி நிற்கிறவனுக்கு மட்டும் சுத்தியலால் இரும்பில் தட்டுவார்கள். இரண்டு தட்டினால் நிறுத்து. மூன்று தட்டினால் ஓட்டு. அப்பாவின் வாயில் இப்போது பல் ஒன்றும் இல்லை என்றாலும் சிவராஜுக்கு அது பழகிய எழுத்து.

"அப்பா, பெங்களூர்ல இருந்து வந்துட்டுது. பாக்கறியா?"

'காட்டு,' என்றது உதடு.

மேகலா தன் போனில் ரஞ்சிதாவைப் பிடித்து ஸ்பீக்கரில் போட்டாள். சிவராஜ் தன் போனை அப்பாவின் முகத்துக்கு ஒரு சாண் தூரத்தில் பிடித்தான்.

மழை பெய்கிற மாதிரிக் கீறல்கள். அதற்குப் பின்னால் வெயிலில் பளீரென்று ஒரு பாறை. பாறைமேல் ஓர் அரசன் செத்துக் கிடந்தான். பக்கத்தில் காது வரை மீசை முறுக்கிய ஒருவன் உருவிய கத்தியோடு நின்றான். அரசனின் மேல் குனிந்து நின்று ராணி அழுதாள். பெரிய கண்கள், நெற்றியில் சுட்டி, ஒரு தோளை மட்டும் தூக்கித் தூக்கி அழுதாள். வாய் விடாமல் பேசிக்கொண்டே இருந்தது. அவ்வளவுதான். கீறல்கள் கூடி, வெளுத்து, முடிந்துவிட்டது.

மீசையைப் பார்த்ததும் சிவராஜ் திரைக்கு மேல் குனிந்தான். கேன்டீனில் வைத்து வளர்த்த அதே மீசை.

"சார்," என்றாள் ரஞ்சிதா. "கத்தி வெச்சிருக்கறவர் தானே? நாங்களும் அப்படித்தான் நெனச்சோம். அப்பா என்ன சொல்றாங்க?"

மாரிசாமி எழுந்து வந்து எட்டிப் பார்த்தார். பார்த்த வேகத்தில் போய் உட்கார்ந்து தரையைப் பார்க்க ஆரம்பித்தார்.

அப்பாவின் கை போர்வைக்குள்ளிருந்து வந்தது. விரல் திரையைத் தொட்டது. அது நடுங்கிய நடுக்கத்தில் அரசன், ராணி, கத்திக்காரன் மூன்று பேரையும் தொட்டது. பிறகு உதடு அசைந்தது. நிதானமாக, புது ஆளுக்கு வேலை காட்டுகிற மாதிரி.

'கத்திக்காரன் இல்ல. இந்தப் பொம்பள. இது தான் எங்கப்பன்.'

மீசை முளைக்காத பையன்கள் அந்தக் காலத்தில் ராணிகளாக நடித்தார்கள் என்று சிவராஜுக்கு எப்போதோ தெரியும். பொதுவாகத் தெரியும். தன் வீட்டுக்குள் தெரியாது.

"என்னடா சொல்றாரு?" என்றாள் அக்கா.

அறையில் அதைப் படித்தவன் அவன் ஒருவன்தான். துணி எழும்பி இறங்கியது. மேகலாவின் உதடு 'ஏழு' என்றது. அந்த நேரத்தில், அப்பா செத்துக்கொண்டிருந்த அந்த நேரத்தில், சிவராஜின் கண்முன் வந்து நின்றது கேன்டீன். இருபது வருடம். குதிரை. மன்னா. இதை நினைத்து அவன் பிற்பாடு எத்தனையோ முறை தன் தலையிலேயே அடித்துக்கொண்டிருக்கிறான். ஆனால் வந்து நின்றது அதுதான்.

"ஆமாங்கறாரு," என்றான். "கத்தி வெச்சிருக்கறவரு தான்."

"அய்யோ எங்கப்பா!" அக்கா டம்ளரைக் கீழே வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்தாள். "பாரூர்ல எம்மாமியா சாவற வரைக்கும் சிரிச்சாளேடா, உங்க தாத்தன் கத்திய எங்க வெச்சிருக்கான்னு கேட்டு. அவ இருந்து பாக்கணும் இத."

"சூப்பர் சார். பேர் திம்மராயன். கத்திவீரன். எழுதிக்கறேன்," என்றது போன்.

டங். டங்.

அப்பாவின் விரலில் ஒரு செப்பு மோதிரம் உண்டு. அது கட்டிலின் இரும்புச் சட்டத்தில் மோதிய சத்தம். பெரிய சத்தமில்லை. ஆனால் சிவராஜின் வலது பாதம் தரையிலிருந்து தானாக எழும்பியது, அங்கே இல்லாத மெஷின் பெடலை விட்டுவிட்டு. பிரஸ் ஷாப்பில் இரண்டு தட்டு என்றால் யோசிக்க மாட்டார்கள். யாருடைய கையோ மெஷினுக்குள்ளே இருக்கிறது என்று அர்த்தம்.

அப்பா அவனையே பார்த்துக்கொண்டிருந்தார்.

'நான் சொன்ன பொய்யே போதும்,' என்றது உதடு. ஒரு மூச்சு இடைவெளி விட்டு, 'சத்தமா சொல்லு.'

"இன்னாடா? தண்ணி கேக்கறாரா?" அக்கா டம்ளரை எடுத்தாள்.

துணி எழும்பவில்லை. மேகலா அவன் கையைப் பிடித்தாள். எழும்பவில்லை. பிறகு கிழிகிற மாதிரி ஒரு சத்தத்தோடு எழும்பியது.

"கத்திக்காரன் இல்ல," என்றான் சிவராஜ். சொன்னது அவன் காதுக்கே எட்டவில்லை. அப்பாவின் மோதிர விரல் மறுபடி சட்டத்தை நோக்கி நகர்வதைப் பார்த்தான். மெஷின் ஓடும்போது கத்துகிற குரலில் கத்தினான். "கத்திக்காரன் இல்லக்கா! நான் பொய் சொன்னேன்! அந்தப் பொம்பள தான் நம்ம தாத்தா! ராணி வேஷம்! பொடவ கட்டி அழுவறது தான் திம்மராயன்!"

தெருவில் போன ஒரு ஸ்கூட்டர் வேகம் குறைத்துவிட்டுப் போனது.

"சார்…" என்றாள் ரஞ்சிதா. "ஹீரோயினா சார்?"

அக்கா வாயைத் திறந்தவள் திறந்தபடி இருந்தாள். மாரிசாமியின் கைத்தடி தரையில் சரிந்தது. அவர் அதை எடுக்கவில்லை.

"அது தான்," என்றார். "பாத்ததுமே தெரிஞ்சுது எனக்கு."

"சித்தப்பா?"

"பொட்டியில ஒரு போட்டா வெச்சிருந்தாரு பெரியப்பன். இதே சுட்டி, இதே பொடவ. பசங்கோ நாங்க பாத்துட்டோம். 'பொடவக்காரன் மவனே, பொடவக்காரன் மவனே'ன்னு இவன ஏரி வரைக்கும் தொரத்திக்கிட்டுப் போனோம். நாந்தான் மொதல்ல கத்துனது." அவர் கட்டிலைப் பார்க்காமல் பேசினார். "அன்னிக்கு சாயந்தரமே அந்தப் போட்டாவ எடுத்து அடுப்புல போட்டுட்டான் இவன். பெரியப்பன் வாசப்படியில நின்னு பாத்துக்கினு தான் இருந்தாரு. அடிக்கல. ஒரு வார்த்த கேக்கல. அடுத்த மாசமே போய் சேந்துட்டாரு."

ஏதேனும் கிடைத்தால் தெரிவிக்கவும். முப்பது வருடத்து அட்டைகளில் எதிலும் என்ன வேஷம் என்று எழுதியிருக்கவில்லை. சிவராஜ் அந்த அட்டைகளில் பாதியைத் தானே தபால்பெட்டியில் போட்டிருக்கிறான், அப்பாவுக்கு வேறு வேலையில்லை என்று முணுமுணுத்துக்கொண்டு.

அப்பா தலையை மெதுவாகத் திருப்பி மாரிசாமியைப் பார்த்தார். கோபமா என்று உதட்டில் தேடினான் சிவராஜ். உதடு மூடியிருந்தது. மாரிசாமி எழுந்து வந்து, கட்டிலின் கால்மாட்டில் நின்று, போர்வைக்கு மேலேயே அப்பாவின் பாதத்தைப் பிடித்துக்கொண்டார்.

டங். டங். டங்.

மூன்று தட்டு. ஓட்டு.

சிவராஜ் மறுபடி ஓட்டினான். இப்போது கத்திக்காரனை யாரும் பார்க்கவில்லை. ராணி ஒரு தோளைத் தூக்கித் தூக்கி அழுதாள். அந்தத் தோளை வீட்டில் எல்லாரும் பார்த்திருக்கிறார்கள். அப்பா இருமும்போது அப்படித்தான் தூக்குவார். மேகலா மூச்சை எண்ண மறந்தாள். அக்கா "மூக்கு அப்படியே உன் மூக்குடா," என்று கிசுகிசுத்தாள்.

அப்பாவின் உதடு கேட்டது: 'என்னா பேசறாரு?'

அதுவரை சிவராஜுக்குத் தோன்றவில்லை. ஊமைப்படம். ஆனால் வாய் அசைகிறதே. தினமும் எட்டு மணி நேரம் சத்தமில்லாத வாய்களைப் படித்துச் சம்பளம் வாங்குகிறவனுக்கு அது தோன்றவில்லை. விரல்களால் ராணியின் முகத்தைப் பெரிதாக்கினான். கீறல்களை விலக்குகிறவன் மாதிரிக் கண்ணை இடுக்கினான். முதல் வார்த்தை பிடிபட்டது. இரண்டாவது தெலுங்கு. மூன்றாவது…

"அப்பா." அவனுக்குச் சிரிப்பு முட்டியது. விக்கல்தான், ஆனால் இந்த முறை விட்டுவிட்டான். "புருசன் செத்துக் கெடக்கறான். இவரு என்ன சொல்லி அழுவறாரு தெரியுமா? 'கால் சுடுதுடா சாமி. காள்ளு காலுத்துன்னாயி. பேக முகிஸ்ரப்போ…' பாறையில நின்னு கால் சுடுதாம்பா. சீக்கிரம் முடிங்கன்னு கேமராக்காரன்கிட்ட கெஞ்சறாரு!"

அப்பா அவனைப் பார்த்தார். திரையைப் பார்த்தார். பிறகு ஒரு தோள் தூக்கிக்கொண்டது. இருமல் என்று நினைத்து மேகலா எழுந்தாள். இருமல் இல்லை. பல்லில்லாத வாய் அகலமாகத் திறந்து, கழுத்து ஓட்டை வழியாக விசில் மாதிரி, குக்கர் ஆவி மாதிரி வெளியே வந்தது சிரிப்பு. வெள்ளைத் துணி படபடவென்று அடித்தது. மாரிசாமியும் பாதத்தைப் பிடித்தபடியே குலுங்கினார். "பாறை மேல எவன்டா நிக்கச் சொன்னான் அவர," என்று அக்கா அழுதுகொண்டே சிரித்தாள். "அந்தக் கத்திக்காரன் செருப்பு போட்டிருக்கான் பாரு," என்றாள் மேகலா. எல்லாரும் போனுக்கு மேல் குனிந்து அதைப் பார்த்தார்கள். உண்மைதான். போட்டிருந்தான்.

நிமிர்ந்தபோது துணி அசையாமல் இருந்தது.

மேகலா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு நிமிடம். இரண்டு. டம்ளரில் மண் அடியில் படிந்து மேலே தெளிந்த தண்ணீர் நின்றது.

"சார்?" என்றது போன், மிகத் தாழ்ந்த குரலில். "பேரு… எப்படிப் போடட்டும்?"

"திம்மராயன்," என்றான் சிவராஜ். "கதாநாயகி. ஊரையும் போடும்மா. நாட்றாம்பாளையம்."

மறுநாள் காலை பதினோரு மணிக்கு, பெங்களூரில் படம் போட விளக்கை அணைத்திருக்கும் நேரத்தில், சிவராஜின் கையில் தீச்சட்டியைக் கொடுத்தார்கள். சித்திரை வெயில். வெறுங்கால். பாடைக்கு முன்னால் நான்கு பேர் பறை அடித்தார்கள். பிரஸ் ஷாப்புக்குச் சளைக்காத அடி. சிப்காட் சாலையின் தார் இளகிப் பளபளத்தது. நூறு அடி நடப்பதற்குள் உள்ளங்கால் பொத்துப்போகும் போலிருந்தது. பின்னால் திரும்பக் கூடாது, நிற்கவும் கூடாது என்று யாரோ காலையிலேயே சொல்லியிருந்தார்கள்.

தொழிற்சாலையிலிருந்து டீ குடிக்க வந்த ஆட்கள் சாலையோரம் ஒதுங்கி நின்றார்கள். அவர்களில் மணிகண்டன் இருந்தான். முப்பது அடி தூரம். நடுவில் பறை. அவன் உதடு அசைந்தது: 'மன்னா.' எதற்காகச் சொன்னான் என்று அவனுக்கே தெரிந்திருக்காது.

சிவராஜின் உதடும் அசைந்தது.

'கால் சுடுது.'

மணிகண்டன் அவன் காலைப் பார்த்தான். பிறகு பக்கத்து டீக்கடை வாசலிலிருந்த தண்ணீர் கேனை, கடைக்காரனைக் கேட்காமலே தூக்கித் தோளில் சாய்த்துக்கொண்டு ஓடி வந்தான். ஊர்வலத்துக்கு முன்னால் பின்பக்கமாக நடந்தபடி, சிவராஜ் அடுத்த அடி வைக்கிற இடத்தில் தண்ணீரை ஊற்றிக்கொண்டே போனான். தாரிலிருந்து ஆவி எழும்பியது. ஈரத்தில் வைத்த ஒவ்வொரு காலும் ஒரு தடம் விட்டது. பின்னால் வந்தவர்கள் அந்த இடத்துக்கு வந்து சேர்வதற்குள் அது காய்ந்துவிட்டிருந்தது.